அழாமல் போகிற பிள்ளைகள்

அன்புள்ள ஐயா,

நியூஜெர்சியில் எங்கள் பக்கத்து வீட்டு யூதக் குடும்பம் பத்து வயது மகளை ஏழு வாரக் கோடை முகாமுக்கு அனுப்பியிருக்கிறது. போன் கிடையாதாம், கடிதம் மட்டும்தான். அழுவாள் என்று நினைத்தேன், துள்ளிக்கொண்டு போனாள். மத வகுப்புக்கா இவ்வளவு உற்சாகம்?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

அங்கே பெரும்பாலான பொழுது நீச்சல், படகு, பேஸ்பால், நாடகம் என்றுதான் போகும். ஜெபமும் பாடமும் அதனூடே வந்துபோகும். யூதர்களின் ஓய்வுநாள் தொடங்கும் வெள்ளிக்கிழமை மாலை பல முகாம்களில் எல்லோரும் வெள்ளை உடுத்திக் கூடுவார்கள். சாப்பாடு முடிந்ததும் மேஜையைத் தட்டித் தட்டி நெடுநேரம் பாட்டு.

தொடக்கத்தில் இவை ஏழைகளுக்காக வந்தவை. நியூயார்க்கின் நெரிசலில் வளர்ந்த குடியேறிகளின் பிள்ளைகள் நல்ல காற்றைச் சுவாசிக்கட்டும் என்று 1902-இல் சர்ப்ரைஸ் லேக் முகாம் தொடங்கியது. மொழி பற்றிய கவலை அப்புறம் வந்தது. கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் பேச்சுமொழியான யிட்டிஷுக்காக பாய்பெரிக் என்ற முகாம், 1941-இல் ஹீப்ருவுக்காக மசாத். மசாத்தில் பேஸ்பால்கூட ஹீப்ருவில்தான் ஆடினார்கள்.

என்னை மிகவும் கலங்க வைப்பது ஹெம்ஷெக் என்ற முகாம். நாஜிக்களிடமிருந்து உயிர் தப்பிய, புந்த் என்ற யூதத் தொழிலாளர் இயக்கத்து சோஷலிஸ்டுகள் 1959-இல் தொடங்கியது. சொந்த ஊர்களில் உறவென்று யாரும் மிஞ்சாதவர்கள், கோடையில் மட்டுமாவது பிள்ளைகளுக்கு ஒரு யிட்டிஷ் ஊரைக் கட்டிக் கொடுத்தார்கள். நாஜிக்கள் யூதர்களை அடைத்து வைத்த கெட்டோக்களில் மாண்டவர்களை நினைக்க அங்கே வருடம்தோறும் ஒரு நாள் இருந்தது. 1978-இல் ஹெம்ஷெக் மூடப்பட்டது, மறு வருடம் பாய்பெரிக், 1981-இல் மசாத்.

அந்த முகாம்களால் பிள்ளைகளின் அன்றாடப் பேச்சை மாற்ற முடியவில்லை. ஆனால் முகாம் என்ற வழக்கம் மட்டும் தலைமுறை தாண்டி நிற்கிறது. அதற்குக் காரணம் பிள்ளைகளைக் கவனித்துக்கொள்ளக் கூடவே தங்கும் அண்ணன்களும் அக்காக்களும் என்றே நினைக்கிறேன். பலர் கல்லூரியில் காலடி வைத்தவர்கள், சிறு வயதில் அதே முகாமில் தங்கியவர்கள். அம்மா சொல்லி வாய் திறக்காத பிள்ளை, பத்தொன்பது வயது அக்கா மேஜையைத் தட்டிப் பாடினால் தானும் பாடும். சில வருடம் கழித்து அதே மேஜைக்கு அக்காவாகத் திரும்பி வரும். பெற்றோர் தூரத்தில் இருப்பதும் இதற்கு அவசியம் என்பதால் அதைக் கொடுமை என்று சொல்ல மாட்டேன்.

எனக்கு வருத்தம் தருவது கட்டணம்தான். ஏழைகளுக்காகத் தொடங்கியது இன்று முழுக் கோடைக்குப் பல ஆயிரம் டாலர் கேட்கிறது. முதல்முறை வரும் பிள்ளைகளுக்கு ஆயிரம் டாலர் வரை தரும் உதவித் திட்டம் ஒன்று இருக்கிறது, நல்ல விஷயம். ஆனால் ஏழு வாரத்துக்கும் இரண்டாம் வருடத்துக்கும் பணம் புரட்ட முடியாத வீட்டுப் பிள்ளை அந்த அக்காவைப் பார்க்காமலே வளர்ந்துவிடும்.