கதை எழுதாதவர் கதையை விமர்சிக்கலாமா?

தாராளமாக. கொடைக்கானல் மலைக் கிராமமான பூம்பாறையில் பூண்டு வாங்க வருகிறவர் எல்லாரும் பூண்டு பயிரிட்டவர்களா என்ன? முகர்ந்து, பல்லை நசுக்கிப் பார்த்துத்தான் விலை பேசுகிறார்கள்.

"நன்றாக இருக்கிறது", "பிடிக்கவில்லை" என்பவை அபிப்பிராயங்கள். மதிப்புரை, நூல் எதைப் பற்றியது, வாங்கலாமா என்று சொல்லும். விமர்சனம் காரணம் காட்ட வேண்டும். அதுவும் பிரதியிலிருந்தே, அதாவது எழுதப்பட்ட வரிகளிலிருந்தே காட்ட வேண்டும்.

ஓர் உதாரணம். கொடைக்கானலில் நாங்கள் நான்கைந்து பேர் கூடிப் படிப்பதுண்டு. நண்பர் ஒருவர் பூண்டு விவசாயி பற்றிய கதையை வாசித்தார். பத்துப் பக்கத்தில் 'பனி' பதினான்கு முறை வந்தது. பூண்டு உரித்த கையில் நாள் முழுக்கப் போகாத மணமோ ஒரு முறைகூட இல்லை. எண்ணிச் சொன்னவர் ஒரு வரிகூட எழுதியதில்லை, பஸ் நடத்துநர். கதை சுற்றுலாப் பயணியின் கண்ணால் எழுதப்பட்டிருக்கிறது என்பதற்கு அதைவிட நல்ல சான்று எனக்குக் கிடைக்கவில்லை. (நண்பர் இரண்டு வாரம் எங்களுடன் பேசவில்லை.)

எழுதுகிறவரே விமர்சிப்பதும் தமிழில் வலுவான மரபுதான். மலையடிவாரத்து வத்தலக்குண்டுக்காரரான சி.சு.செல்லப்பா சிறுகதையும் எழுதினார். 1959இல் 'எழுத்து' இதழைத் தொடங்கி விமர்சனத்துக்கு இடமும் தந்தார். புதுக்கவிதை வேர்பிடித்தது அங்கேதான். ஆனால் சக எழுத்தாளரின் விமர்சனத்தில் போட்டியும் நட்பும் கலந்துவிடும் அபாயம் உண்டு. நடத்துநருக்கு அந்தத் தொல்லை இல்லை.