பார்வையில்லாத இசைக்கலைஞர்கள் ஒரு புதிய இசையை எப்படிக் கற்றுக்கொள்கிறார்கள்? காது இயல்பாகவே கூர்மையாக இருக்குமா?

நான் பியானோ வாசிப்பவன். பிறவியிலிருந்தே பார்வை கிடையாது. "கண்ணை எடுத்துக்கொண்ட கடவுள் காதைக் கொடுத்துவிட்டார்" என்று பலர் சொல்லியிருக்கிறார்கள். அன்பாகத்தான் சொல்கிறார்கள். ஆனால் நான் உட்கார்ந்து உழைத்த நேரமெல்லாம் அந்த ஒரு வரியில் காணாமல் போய்விடுகிறது.

சிறுவயதிலேயே பார்வை இழந்த கலைஞர்களில் பலரால் ஒரு ஸ்வரத்தைக் கேட்டதும் பெயர் சொல்ல முடியும் என்பது உண்மை. எனக்கும் வரும். சரி, பெயர் தெரிந்துவிட்டால் விரல் தானாக அங்கே போய்விடுமா?

விரலால் தடவிப் படிக்கும் புள்ளி எழுத்தான பிரெய்லில் இசையையும் எழுதலாம். அதை உருவாக்கிய லூயி பிரெய்லே தேவாலயத்தில் ஆர்கன் வாசித்தவர். 1829இல் அவர் வெளியிட்ட முதல் நூலிலேயே இசையை எழுதவும் வழி சொன்னார். எழுத்துக்கு உள்ள அதே ஆறு புள்ளிகள்தான். மேலே உள்ள நான்கும் எந்த ஸ்வரம் என்று சொல்லும், கீழே உள்ள இரண்டும் அது எவ்வளவு நேரம் ஒலிக்கும் என்று சொல்லும். சிக்கல் என்னவென்றால், படிப்பதும் விரல், வாசிப்பதும் விரல். இடது கையால் தாளைத் தடவியபடி வலது கைக்குரியதை ஒரு சிறு துண்டு வாசிப்பேன். அப்புறம் கை மாற்றி அடுத்தது. இரண்டும் மனப்பாடமான பிறகுதான் சேர்த்து வாசிக்கவே முடியும். இரண்டு பக்கத்துக்கு ஒரு வாரம் போன நாட்கள் உண்டு.

ஒலிப்பதிவைக் கேட்டே கற்கலாமே என்பீர்கள். கற்கலாம், ஆனால் வாசித்தவரின் பாணியும் பிழையும் சேர்ந்தே ஒட்டிக்கொள்ளும். ஜெர்மானிய ஆர்கன் கலைஞர் ஹெல்முட் வால்ஹா இளம் வயதில் பார்வை இழந்தவர். இசையமைப்பாளர் பாக் (Bach) எழுதிய படைப்புகளில் ஒன்றாக ஒலிக்கும் இசை வரிகளை ஒவ்வொன்றாகத் தனித்தனியே பிறரை வாசிக்கச் சொல்லிக் கேட்டு, மனத்துக்குள் ஒன்றுசேர்த்தார். அதைக் காதின் கூர்மை என்று மட்டும் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

குழுவாக வாசிக்கும்போது தலையசைப்பு எனக்கு உதவாது. வயலின்காரர் தொடங்குமுன் இழுக்கும் மூச்சுதான் எனக்குக் குறிப்பு. புதியவர் என்றால், "கொஞ்சம் சத்தமாக மூச்சு இழுங்கள்" என்று முதலிலேயே கேட்டுவிடுவேன்.

ஒரு கச்சேரி முடிந்து எல்லாரும் என் மன உறுதியைப் பாராட்டிக்கொண்டிருந்தபோது, வயதான ஒருவர் வந்து, "இரண்டாவது பகுதியில் இடது கையின் சத்தம் ஓங்கிவிட்டது" என்றார். சரியாகத்தான் சொன்னார். மறுநாள் காலையில் முதல் வேலையாக அந்தப் பகுதியைத்தான் எடுத்தேன்.