பவுலின் கோபம் யார்மேல்?

வணக்கம் ஐயா,

ஞாயிறு பள்ளியில் நான் கேட்டு வளர்ந்தது இது: யூதர்கள் நியாயப்பிரமாணத்தைக் கைக்கொண்டு, தங்கள் கிரியைகளால் பரலோகத்தைச் சம்பாதிக்கப் பார்த்தார்கள். பவுல் அந்த மதத்தைவிட்டு வெளியே வந்து, விசுவாசம் ஒன்றே போதும் என்றார். அண்மையில் ஒரு காணொளியில் ஒரு பேராசிரியர், பவுல் கடைசிவரை யூதராகவே வாழ்ந்தார், யூத மதத்தை அவர் எதிர்க்கவே இல்லை என்று சொன்னார். உடனே கலாத்தியர் நிருபத்தை எடுத்து மறுபடி வாசித்தேன். விருத்தசேதனத்தை இவ்வளவு கோபமாகத் திட்டுகிறவர் எப்படி யூதராக இருந்திருக்க முடியும்? யூதப் படுகொலைக்குப் பிறகு ஐரோப்பியர்களுக்கு வந்த குற்ற உணர்வின் சமாளிப்புதானா இது?

அன்புடன்,
டி.

அன்புள்ள டி.,

கடைசிக் கேள்வியை முதலில் முடித்துவிடலாம். குற்ற உணர்வுக்கு இதில் பங்கு உண்டு. திருச்சபை வாழ்விலிருந்து யூதத் தாக்கத்தைத் துடைத்தெறிவதற்கென்றே 1939இல் ஜெர்மனியின் ஐசனாக் நகரில் ஒரு ஆய்வு நிறுவனம் தொடங்கினார்கள். அதை வழிநடத்திய வால்டர் குருண்ட்மன் ஒரு புதிய ஏற்பாட்டுப் பேராசிரியர். அதன்பின் நடந்ததையெல்லாம் பார்த்தவர்கள் பழைய விளக்கவுரைகளைச் சந்தேகத்தோடு புரட்டியதில் வியப்பில்லை.

ஆனால் சந்தேகம் அதற்கும் மூத்தது. 1921லேயே ஹார்வர்டின் ஜார்ஜ் ஃபுட் மூர், கிறிஸ்தவ அறிஞர்கள் யூத மதத்தைப் பற்றி எழுதியதில் பெரும்பகுதி எதிர்வாதத்துக்காக எழுதப்பட்டது என்று ஒரு நீண்ட கட்டுரையில் காட்டினார். பெரும்பாலோர் பழைய பாட்டையே பாடிக்கொண்டிருந்தார்கள். 1977இல் புதிய ஏற்பாட்டு அறிஞர் இ.பி. சாண்டர்ஸின் தடித்த புத்தகம் வந்த பிறகுதான் அது முடியாமல் போனது. ஏறக்குறைய கி.மு. 200 முதல் கி.பி. 200 வரையிலான யூத நூல்களை வாசித்துவிட்டு அவர் சொன்னதன் சாரம் இவ்வளவுதான்: தேவன் முதலில் தம் மக்களைத் தெரிந்துகொள்கிறார், அப்புறம்தான் நியாயப்பிரமாணம் வருகிறது. அதைக் கைக்கொள்வது, ஏற்கெனவே கிடைத்த உறவில் நிலைத்திருப்பதற்கு. தவறினால் மனந்திரும்பலும் பாவநிவாரணமும் இருக்கின்றன. புண்ணியத்தைச் சேர்த்துவைத்துப் பரலோகத்தை வாங்கும் யூதரை அவரால் அந்த நூல்களில் பார்க்க முடியவில்லை.

ஒரு உதாரணம் தருகிறேன். 1947இல் சாக்கடல் அருகே கும்ரான் குகையில் கிடைத்த பழைய யூதச் சுருள்களில் ஒன்று, அவற்றை வைத்திருந்த யூதச் சமூகத்தின் ஒழுங்குமுறை நூல். நியாயப்பிரமாணத்தில் மயிரிழை பிசகாத கூட்டம் அது. அந்த நூல் ஒரு பாடலோடு முடிகிறது. நான் தடுமாறினால் தேவனுடைய இரக்கமே எனக்கு மீட்பு, மாம்சத்தின் பாவத்தில் விழுந்தால் என் தீர்ப்பு அவருடைய நீதியில் இருக்கிறது என்று பாடுகிறார்கள். எங்கிருந்து வந்தது என்று சொல்லாமல் வாசித்துக் காட்டினால் லூத்தரன் ஞானப்பாட்டு என்றே பலரும் நினைப்பார்கள்.

சரி, அப்படியென்றால் கலாத்தியரில் பவுலுக்கு ஏன் அவ்வளவு கோபம்? "உங்களைக் கலக்குகிறவர்கள் தறிப்புண்டுபோனால் நலமாயிருக்கும்" என்கிறார். முன்தோலை நீக்கும் விருத்தசேதனக் கத்தி இன்னும் கொஞ்சம் தள்ளி விழட்டும் என்ற பச்சையான நக்கல் அது. பிரசங்கங்களில் இந்த வசனத்தை மெதுவாகத் தாண்டிப் போய்விடுவார்கள். ஆனால் இந்தக் கடிதம் யாருக்குப் போனது என்று பாருங்கள். 4:8 தெளிவாகச் சொல்கிறது: முன்பு தேவனை அறியாமல், தேவர்கள் அல்லாதவர்களுக்கு அடிமைப்பட்டிருந்தவர்களுக்கு. அதாவது நேற்றுவரை சிலைகளை வணங்கிய, யூதரல்லாத புறஜாதியாருக்கு. அவர்களைக் கலக்குகிறவர்களும் இயேசுவை நம்பியவர்கள்தான். ஆபிரகாமின் பிள்ளைகளாக வேண்டுமானால் விருத்தசேதனம் செய்துகொள்ளுங்கள் என்று பவுலுக்குப் பின்னால் வந்து சொன்னவர்கள். புறஜாதியார் யூதராக மாற வேண்டுமா என்பதுதான் சண்டை. யூதர்கள் யூதராக இருப்பதை நிறுத்த வேண்டும் என்று கலாத்தியரில் ஒரு வரிகூட இல்லை.

இந்தச் சண்டையைப் பவுல் கண்டுபிடிக்கவும் இல்லை. முதல் நூற்றாண்டு யூத வரலாற்றாசிரியர் யோசேபஸ் ஒரு கதை சொல்கிறார். வட மெசபடோமியாவின் அதியபேனே நாட்டு அரசன் இசாத்தேஸ், அனனியா என்ற யூத வணிகரின் போதனையால் யூதரின் தேவனை வணங்கத் தொடங்கினான். முழு யூதனாகிவிட விருத்தசேதனமும் செய்துகொள்ள ஆசைப்பட்டான். குடிமக்கள் அந்நிய வழக்கத்தைப் பொறுக்கமாட்டார்கள் என்று தாய் ஹெலேனா தடுத்தாள். அனனியாவும் தடுத்தார். விருத்தசேதனம் இல்லாமலும் நீ தேவனை வணங்கலாம், அவருடைய பிரமாணத்தில் வைராக்கியமாயிருப்பதுதான் அதைவிடப் பெரியது என்றார். தன் தலைக்கு ஆபத்து வரும் என்ற பயமும் அவருக்கு இருந்தது. யோசேபஸ் அதை ஒளிக்கவில்லை. அப்புறம் கலிலேயாவிலிருந்து எலெயாசர் என்பவர் வருகிறார், கண்டிப்பானவர் என்று பெயரெடுத்தவர். அரசன் மோசேயின் நூலை வாசித்துக்கொண்டிருக்கிறான். வாசித்தால் போதுமா, அதில் எழுதியிருப்பதைச் செய்ய வேண்டாமா என்று கேட்கிறார். இசாத்தேஸ் அடுத்த அறைக்குப் போய் மருத்துவரை வரவழைத்துக் காரியத்தை முடித்துவிடுகிறான்.

இது பவுலின் காலத்திலேயே நடந்தது. இரண்டு யூதர்கள், ஒரே கேள்வி, இரண்டு பதில்கள். அனனியா யூத மதத்தைவிட்டு வெளியேறினார் என்று யாரும் சொல்வதில்லை. பவுல் அதே வாதத்தில், அனனியாவின் பக்கத்தில், வேறு காரணத்தோடு நிற்கிறார். கடைசி நாட்களில் எல்லா ஜாதிகளும் சீயோனுக்கு வரும் என்று ஏசாயாவும் சகரியாவும் சொன்ன காலம் வந்துவிட்டது என்று அவர் நம்பினார். அவர்கள் ஜாதிகளாகவே வர வேண்டும். எல்லோரும் யூதராகிவிட்டால் தீர்க்கதரிசனம் நிறைவேறியதாக ஆகாது. "தேவன் யூதருக்குமாத்திரமா தேவன்?" என்று ரோமரில் அவர் கேட்பதை இந்த இடத்தில் வைத்து வாசித்தால் அதன் கூர்மை தெரியும். அப்போஸ்தலர் நடபடிகளில், யூதத் தாய்க்குப் பிறந்த தீமோத்தேயுவுக்கு இதே பவுல் விருத்தசேதனம் செய்துவைப்பதும் இதோடு முட்டவில்லை.

யூதர்களால் ஐந்து முறை ஒன்று குறைய நாற்பது அடி பட்டேன் என்று 2 கொரிந்தியர் 11இல் எழுதுகிறார். அது ஜெப ஆலயம் தன் ஆட்களுக்குக் கொடுக்கும் தண்டனை. வெளியேறியவனுக்கு அது பொருந்தாது, வேண்டாமென்று போய்விடலாம். ஐந்து முறை முதுகைக் காட்டியவர் உள்ளே இருந்தவர்தான்.

நீங்கள் ஞாயிறு பள்ளியில் கேட்ட பவுல், பெரிய அளவில் 16ஆம் நூற்றாண்டுச் சீர்திருத்தவாதி மார்ட்டின் லூத்தரின் பவுல். லூத்தர் ரோமச் சபையோடு போட்ட சண்டையைக் கலாத்தியருக்குள் கண்டார். தன் மனச்சாட்சியின் வேதனையையும் பவுலுக்குக் கொடுத்தார். சுவீடனைச் சேர்ந்த, தானும் லூத்தரனான கிறிஸ்தர் ஸ்டெண்டால் 1963இல் இதைத்தான் சுட்டிக்காட்டினார். பிலிப்பியர் 3இல் பவுல், நியாயப்பிரமாணத்தின்படி தான் குற்றஞ்சாட்டப்படாதவன் என்று கூச்சமே இல்லாமல் சொல்கிறார். குற்ற உணர்வில் புழுங்கிய மனிதர் பேசுகிற பேச்சா அது?

இனி உங்கள் பேராசிரியர். "கடைசிவரை யூதர்" என்பதை முழுதாக ஏற்கிறேன். "எதிர்க்கவே இல்லை" என்பதில் அவர் அவசரப்படுகிறார். அந்தியோகியாவில், எருசலேம் சபைத் தலைவர் யாக்கோபின் ஆட்கள் வந்ததும் புறஜாதியாரோடு உண்பதை விட்டு விலகிய பேதுருவைப் பவுல் எல்லார் முன்பும் கண்டித்தார். தன் உடன் ஊழியர் பர்னபாகூடப் பேதுருவின் பக்கம் சாய்ந்தார் என்று பவுலே ஒப்புக்கொள்கிறார். அந்த மேசையில் இருந்த பிற யூதர்களின் கண்ணில் பவுல் எல்லையில் நின்ற ஆள்தான். யூதருக்கு யூதனைப்போலானேன் என்று 1 கொரிந்தியர் 9இல் சொல்வதையும் எளிதாக விளக்கிவிட முடியாது. யூதருக்கு மோசே, மற்றவர்களுக்கு கிறிஸ்து, இரண்டும் தனித்தனி வழி என்று சிலர் சொல்வதை நான் ஏற்கவே மாட்டேன். அப்படியென்றால் ரோமர் 9இன் தொடக்கத்தில் தன் இனத்தாருக்காக அவர் அவ்வளவு துக்கப்படக் காரணம் இல்லை.

இன்னொரு இடமும் இருக்கிறது, கேட்காமலேயே சொல்லிவிடுகிறேன். 1 தெசலோனிக்கேயர் 2:14-16இல் யூதர்களைப் பற்றி வரும் வார்த்தைகள் கொடூரமானவை. கி.பி. 70இல் எருசலேம் ஆலயம் அழிந்த பிறகு யாரோ செருகியது என்று சில அறிஞர்கள் வாதிட்டார்கள். ஆனால் அந்தப் பகுதியை முழுவதுமாக விட்டுவிட்ட கிரேக்கக் கையெழுத்துப் பிரதி எதுவும் கிடைக்கவில்லை. நமக்குப் பிடிக்கவில்லை என்பதற்காக வெட்டுவது நேர்மையாகாது. அதைப் பவுலின் கணக்கில்தான் எழுதுகிறேன். அதை வாசித்த கையோடு, தேவன் தம் ஜனங்களைத் தள்ளிவிடவில்லை என்கிற, ஒட்டவைக்கப்பட்ட காட்டொலிவக் கிளைகள் மேன்மைபாராட்டக் கூடாது என்று புறஜாதியாரை எச்சரிக்கிற ரோமர் 11ஐயும் வாசியுங்கள். இரண்டு கடிதங்களுக்கும் நடுவே ஏழெட்டு வருடங்கள்தான் இருக்கும்.