வாசகர் கேள்வி–பதில்: ‘எல்லோரும் வரவில்லை’ என்றால் யாராவது வந்தார்களா?

கேள்வி: கணக்கு வகுப்பில் ‘அ = அ + 1’ என்று எழுதினால் தவறு, அப்படி ஓர் எண்ணே கிடையாது. கணினி வகுப்பிலோ அதே வரி முதல் வாரமே வந்துவிடுகிறது. ஒரே குறிக்கு எப்படி இரண்டு பொருள்?
– கல்லூரி மாணவி, கோவில்பட்டி

பதில்: ரொம்பச் சரியான இடத்தில் உங்களுக்குச் சந்தேகம் வந்திருக்கிறது. = என்ற குறியை 1557-இல் ராபர்ட் ரெக்கார்ட் என்ற வேல்ஸ்காரர் கொண்டுவந்தார். ‘இதற்கு அது சமம்’ என்று திரும்பத் திரும்ப எழுதுவதைத் தவிர்க்க நினைத்தவர், இணையாக ஓடும் இரண்டு கோடுகளைவிடச் சமமானவை வேறு எவையும் இருக்க முடியாது என்று அவற்றையே குறியாக்கிக்கொண்டார். அவருடைய = ஒரு கூற்று. அது உண்மையாக இருக்கலாம், பொய்யாக இருக்கலாம். 1957-இல் ஐபிஎம் வெளியிட்ட ஃபோர்ட்ரான் என்ற நிரல்மொழி அதே குறியைக் கட்டளையாக்கியது: வலப்பக்கத்தைக் கணக்கிடு, வந்த விடையை இடப்பக்கப் பெயரில் வை. கட்டளைக்கு முன் 5 இருந்தால் பின் 6 இருக்கும், அவ்வளவுதான். கட்டளைக்கு முன், பின் என்று நேரம் உண்டு, கணக்கின் சமத்துக்கு அது இல்லை.

இன்னொன்றும் பாருங்கள், அந்த வரியில் வரும் இரண்டு ‘அ’வும்கூட ஒன்றில்லை. வலப்பக்கத்தில் இருப்பது ஒரு மதிப்பு, இடப்பக்கத்தில் இருப்பது நினைவகத்தில் ஓர் இடம். கணினி அறிஞர் கிறிஸ்டோபர் ஸ்ட்ரேச்சி 1967-இல் நடத்திய விரிவுரைகளில் இதை இடப்பக்க மதிப்பு (L-value), வலப்பக்க மதிப்பு (R-value) என்று பிரித்துக் காட்டினார். அப்புறம் தர்க்கவியலாளர் டானா ஸ்காட்டுடன் சேர்ந்து ஆக்ஸ்ஃபோர்டில், நிரலின் பொருளை முழுக்கக் கணிதமாகவே சொல்லும் வழியையும் உருவாக்கினார். அல்கால் என்ற நிரல்மொழி இந்தக் கட்டளைக்கு := என்று தனிக்குறி வைத்தது, என்னைக் கேட்டால் அதுதான் நேர்மையான வழி. சி மொழியில் = என்றால் வை, == என்றால் ஒப்பிடு; நிபந்தனைக்குள் ஒரு = விட்டுப்போனால் மொழிக்கு அதுவும் செல்லுபடியாகும் வரிதான், ஒப்பிட வேண்டிய இடத்தில் மதிப்பே மாறிவிடும். பைத்தான் அந்த இடத்தில் ஒற்றை = எழுதவே விடாது.

கேள்வி: பேரனின் புத்தகத்தில் ∀, ∃ என்று இரண்டு குறிகளைப் பார்த்தேன். ‘எல்லாம்’, ‘ஏதோ ஒன்று’ என்று பொருள் சொன்னான். நம் உம்மையும் ஓகாரமும் செய்கிற வேலைதானே இது?
– ஓய்வுபெற்ற தமிழாசிரியர், கும்பகோணம்

பதில்: ஆமாம் ஐயா, நீங்கள் நினைப்பதைவிட நெருக்கமான உறவு இது. ‘அண்ணனும் தம்பியும் அக்காவும் வந்தார்கள்’ என்பதில் ஒவ்வொருவராக எண்ணிச் சேர்க்கும் எண்ணும்மையும் ‘எல்லோரும் வந்தார்கள்’ என்பதில் ஒருவரையும் விடாமல் குறிக்கும் முற்றும்மையும் ஒரே ‘உம்’தான். வீட்டில் அந்த மூன்று பேர் மட்டுமே என்றால் இரண்டு வாக்கியங்களும் சொல்வது ஒன்றே. அதே போல ‘அண்ணனோ தம்பியோ அக்காவோ வந்திருக்கிறார்’ என்பதை ‘யாரோ வந்திருக்கிறார்’ என்று சுருக்கலாம். தர்க்கவியலிலும் ∀ என்பது ‘மற்றும்’ என்பதன் நீட்சி, ∃ என்பது ‘அல்லது’ என்பதன் நீட்சி. ஆட்கள் மூன்று பேர் என்றால் வரிசையாக எழுதிவிடலாம், எண்கள் முடிவில்லாமல் போகும்போது எழுத முடியாது, அதற்குத்தான் தனிக்குறி தேவைப்பட்டது. அமெரிக்கரான சார்லஸ் பியர்ஸ் 1885-இல் இதைப் பெருக்கல் தொடருக்கான Π, கூட்டல் தொடருக்கான Σ என்ற குறிகளாலேயே எழுதினார், ஆக உறவு அவருக்கும் தெரிந்திருந்தது. ∃ கணிதவியலாளர் பியானோ (Peano) கொடுத்தது, ∀ 1935-இல் தர்க்கவியலாளர் கெண்ட்சன் (Gentzen) கொடுத்தது. மலையாளத்திலும் இதே அமைப்பு உண்டு, ஜப்பான் மொழியிலும் ‘மோ’, ‘கா’ என்ற இரண்டு இடைச்சொற்கள் இதே வேலையைச் செய்கின்றன.

ஆனால் சிக்கல் எதிர்மறை வரும்போதுதான். ‘எல்லோரும் வரவில்லை’ என்று ஒருவர் சொன்னால் ஒருத்தர்கூட வரவில்லையா, சிலர் வந்து சிலர் வரவில்லையா? இரண்டுக்கும் இடம் இருக்கிறது. பதின்மூன்றாம் நூற்றாண்டு நன்னூல் இதைக் கவனித்து ஒரு சூத்திரமே வைத்திருக்கிறது: ‘முற்றும்மை ஒரோவழி எச்சமும் ஆகும்.’ எல்லாரும் வந்திலர் என்றால் சிலர் வந்தார்கள் என்ற பொருளும் சில இடங்களில் எஞ்சி நிற்கும். தொல்காப்பியத்திலும் இதே கருத்துக்கு நூற்பா உண்டு என்பது உங்களுக்குத் தெரிந்ததே. அதற்காக நவீனத் தர்க்கம் முழுவதும் அன்றே நம்மிடம் இருந்தது என்று சொல்ல நான் தயாரில்லை, அப்படிச் சொன்னால் இரண்டு தரப்பு உழைப்பையும் குறைத்துவிடுகிறோம். நம் இலக்கணிகள் பொருள் இரண்டாகப் பிரிவதைக் கண்டுபிடித்தார்கள், எந்தப் பொருள் என்பதை இடம் பார்த்து முடிவுசெய்யச் சொன்னார்கள். 1879-இல் தர்க்கவியலாளர் ஃப்ரெகே (Frege) செய்தது வேறு. இல்லை என்பதும் எல்லாம் என்பதும் எது எதற்குள் அடங்குகிறது என்பதைக் கண்ணால் பார்க்கிற மாதிரி ஒரு குறியீடு அமைத்தார். அவருடைய எழுத்துமுறை பக்கம் முழுக்கக் கிளைவிடும் படம் மாதிரி இருந்ததால் மற்றவர்கள் அதை எடுத்துக்கொள்ளவில்லை, இன்று நாம் எழுதும் குறிகள் பியானோ, ரஸ்ஸல் வழியில் வந்தவை. ஆனால் கருத்து ஃப்ரெகேயுடையதுதான். ¬ என்பது ‘இல்லை’ என்பதற்கான குறி; ¬∀ என்றால் ‘எல்லோரும் வந்துவிடவில்லை’, ∀¬ என்றால் ‘யாரும் வரவில்லை’. குறிகள் அதே இரண்டு, வரிசை மட்டும் மாறியிருக்கிறது, பொருள் வேறு.

பேரன் நிரல் எழுதுகிறவன் என்றால் பைத்தானில் ‘ஆல்’ (all), ‘எனி’ (any) என்று இரண்டு இருப்பதைக் காட்டச் சொல்லுங்கள், அவை இந்த உம்மும் ஓவும்தான். காலிப் பட்டியலைக் கொடுத்தால் ‘ஆல்’ உண்மை என்று சொல்லும், ‘எனி’ பொய் என்று சொல்லும். ஆளே இல்லாத அறையில் ‘எல்லோரும் வந்துவிட்டார்கள்’ உண்மையா என்று அவனோடு பேசிப் பாருங்கள், ஒரு மாலைப்பொழுதுக்குத் தாங்கும்.

கேள்வி: இதுவரை ஆர்டரே கொடுக்காத வாடிக்கையாளர்களை எடுக்க தரவுத்தள வினவல் மொழியான எஸ்கியூஎல்-லில் ‘நாட் இன்’ (NOT IN, ‘இந்தப் பட்டியலில் இல்லாதவை’) போட்டேன். அப்படிப்பட்டவர்கள் இருப்பது எனக்கே தெரியும், ஆனால் ஒரு வரிசைகூட வரவில்லை, பிழைச்செய்தியும் இல்லை.
– மென்பொருள் ஊழியர், சென்னை

பதில்: ஆர்டர் அட்டவணையில் வாடிக்கையாளர் எண் இருக்க வேண்டிய இடத்தில் எங்கேயோ ஒரு ‘நல்’ (NULL) இருக்கும், முதலில் அதைத் தேடுங்கள். மேலே சொன்ன உம்தான் இங்கேயும் வேலை செய்கிறது. 101, 102, நல் என்ற பட்டியலில் இல்லை என்றால், ‘101-க்குச் சமமில்லை, 102-க்கும் சமமில்லை, நல்-க்கும் சமமில்லை’ என்று பொருள். நல் என்பது மதிப்பு தெரியாத இடம், அதனால் கடைசி ஒப்பீட்டின் விடை உண்மையும் இல்லை, பொய்யும் இல்லை, ‘தெரியாது’. உம் போட்டுக் கோத்த வரிசையில் ஒரு தெரியாது விழுந்தால் மொத்தமும் உண்மையாக வழியே இல்லை, நிபந்தனை சொல்லும் ‘வேர்’ (WHERE) பகுதியோ உண்மையான வரிசைகளை மட்டும்தான் எடுக்கும். வெறும் ‘இன்’ (IN) போட்டபோது எல்லாம் சரியாக வந்ததே என்றால், அது ஓகார வரிசை, ஒன்று உண்மையானால் போதும். ‘நாட் எக்ஸிஸ்ட்ஸ்’ (NOT EXISTS) என்று மாற்றி எழுதுங்கள், இல்லையென்றால் பட்டியலை எடுத்துத் தரும் உள்வினவலிலேயே நல்களை நீக்கிவிடுங்கள். இலக்கணப் பிழை இருந்தால் கணினி சொல்லிவிடும், நீங்கள் நினைத்த பொருள் வேறு, எழுதிய பொருள் வேறு என்பதை அது சொல்லாது.

கேள்வி: பழைய தமிழ் எண்களுக்கும் இன்றைய எண்களுக்கும் வடிவம்தானே வேறு, மதிப்பு ஒன்றுதானே?
– வாசகர், யாழ்ப்பாணம்

பதில்: மதிப்பு ஒன்று, முறை வேறு. 203-ஐப் பழைய முறையில் ௨௱௩ என்று எழுதுவார்கள்: இரண்டு, நூறு, மூன்று. நூறுக்கும் பத்துக்கும் தனிக்குறி இருப்பதால் சுழி தேவைப்படவில்லை. இப்போது அதன் அடியில் 45-ஐ ௪௰௫ என்று எழுதிக் கூட்டிப் பாருங்கள். இரண்டிலும் மூன்று எழுத்து, ஆனால் இரண்டு நூறின் கீழே நான்கு பத்து வந்து நிற்கும். எது எதோடு சேரும் என்பதை நாம்தான் நினைவில் வைக்க வேண்டும். திண்ணைப் பள்ளியில் எண்சுவடியை மனப்பாடம் செய்தவர்கள் தலையிலேயே போட்ட கணக்கை, இலக்கம் நிற்கும் இடமே அதன் மதிப்பைச் சொல்லும் இன்றைய இடமதிப்பு முறையில் தாளிலேயே ஒன்றின் கீழ் ஒன்றாக எழுதிக் கூட்டிவிடலாம்.