ஆறு ஓட்டையும் ஏறினால் ரிம் பொருந்திவிட்டதா?

கேள்வி இதுதான்: "டொயோட்டா கேடிஎச் வேனுக்கு ரிம் மாற்ற வேண்டும். ஆறு ஓட்டை ரிம் எதுவானாலும் ஏறும் என்கிறார்கள். உண்மையா? வேறு ஏதாவது பார்க்க வேண்டுமா?"

பெரும்பாலும் ஏறும் என்பது உண்மைதான். எனக்கும் ஏறியது. ஏறிய பிறகு என்ன நடந்தது என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

நீங்கள் எந்த ஊர் என்று போடவில்லை. மலையகத்தில் ஹயர், அதாவது வாடகைக்கு, ஓட்டுகிறவர் என்றே எடுத்துக்கொள்கிறேன். ரிம் நெளிந்து ரிம் தேடுகிறவர்களில் பாதிப் பேர் நம் பக்கத்து ஆட்கள்தான். தோட்டப் பாதையில் ஒரு மழைக்காலம் ஓடினால் போதும், விளிம்பு நெளிந்து காற்று இறங்க ஆரம்பிக்கும். 2020 மார்ச்சில் வாகன இறக்குமதியை நிறுத்தினார்கள். தனியார் வாகனங்களுக்கு மறுபடி வழி திறந்தது 2025 பெப்ரவரியில்தான். அதுவரை இருக்கிற வண்டியைத் தட்டிக்கொட்டி ஓட்டினோம். பாவித்த ரிம், பாவித்த டயர், பாவித்த எல்லாம். அதனால் உங்களைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. நானும் மெக்கானிக் இல்லை, வேன் ஓட்டுகிறவன்.

நான் ஹட்டன் பக்கம். காலையில் பள்ளிக்கூடப் பிள்ளைகள், பகலில் கிடைக்கிற ஹயர், டிசம்பர் பௌர்ணமியில் இருந்து வெசாக் வரை சிவனொளிபாத மலை ஏற நல்லதண்ணிக்குப் போகும் யாத்திரிகர்கள். சில வருடத்துக்கு முன் கொழும்புக்கு ஹயர் போன நாளில் ஒரு கடையில் நாலு அலோய் ரிம் பார்த்தேன். பாவித்த ரிம்தான், ஆனால் புதிதாகக் கறுப்புப் பெயின்ட் அடித்துப் பளபளவென்று இருந்தது. "ஆறு ஓட்டை, நூற்று முப்பத்தொன்பது புள்ளி ஏழு, கேடிஎச்சுக்கு அப்படியே ஏறும் அண்ணே" என்றார் கடைப் பையன். அவர் சொன்ன அளவு சரி. எதிரெதிர் ஓட்டைகளின் நடுவில் இருந்து நடுவுக்கு 139.7 மில்லிமீட்டர், கேடிஎச்சுக்கும் அதேதான். நான் அதை மட்டும் கேட்டுவிட்டுக் காசைக் கொடுத்தேன்.

முதலில் ஸ்டியரிங் நடுங்கியது. நம் பாதையில் அறுபதைத் தொடுவதே அபூர்வம் என்பதால் வெகுநாள் தெரியவில்லை. கித்துல்கல இறங்கி, யட்டியாந்தோட்டை தாண்டி, அவிசாவளைப் பக்கம் நேர்பாதை வரும்போதுதான் கை உதறும். மூன்று தடவை வீல் பெலன்ஸ் பார்த்தேன். மூன்று தடவையும் மெஷின் சரி என்றே காட்டியது. அதன் காரணம் பிறகுதான் விளங்கியது. பெலன்ஸ் மெஷின் ரிம்மை அதன் நடு ஓட்டையில் கூம்பு விட்டுப் பிடிக்கிறது, அதனால் அங்கே ரிம் மையமாகச் சுற்றும். என் வேனிலோ அந்த நடு ஓட்டை எதையும் தொடவில்லை.

அப்புறம் அந்தக் காலை. நோர்வூட்டில் இருந்து ஹட்டனுக்கு ஏறுகிறேன். மழை, பனி, வைப்பர் ஓடுகிறது, 13 பிள்ளைகள். கடைசி சீட்டில் இருந்த ஆறாம் வகுப்புப் பிள்ளை, "மாமா, அடியில யாரோ தட்டுறாங்க" என்றது. ரேடியோவை நிறுத்திவிட்டுக் கேட்டேன். டக்... டக்... டக்... சக்கரம் ஒரு சுற்றுக்கு ஒரு தட்டு. ஓரம் கட்டி இறங்கிப் பார்த்தேன். பின் இடது சக்கரத்தில் ஆறு நட்டில் இரண்டைக் கையாலேயே திருக முடிந்தது. நட் ஏறும் திருகுக் கம்பியான ஸ்டட் ஒன்று முறிந்து நட்டோடு எங்கேயோ விழுந்துவிட்டது. மீதி மூன்றில்தான் சக்கரம் நின்றது. நட் உட்காரும் இடத்தில் கறுப்புப் பெயின்ட் பொடிப் பொடியாக உதிர்ந்து, ஈர அலுமினியம் சாம்பல் கலந்த சேறு மாதிரி வழிந்திருந்தது. பக்கத்தில் பள்ளம். பிள்ளைகளை இன்னொரு வேனில் ஏற்றி அனுப்பிவிட்டு, தேயிலை மேட்டில் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டேன். கால் நிற்கவில்லை.

வண்டியைத் தூக்கிப் பார்த்தது எங்கள் பழைய மெக்கானிக் பாஸ். டயரைக் கழற்றிவிட்டு வெறும் ரிம்மை, சக்கரம் உட்காரும் ஹப்பில் மாட்டினார், நட் போடவில்லை. "தம்பி, கையால ஆட்டிப் பாரு" என்றார். மேலும் கீழும் ஆட்டினேன். கடகடவென்று ஆடியது. பிறகு வேர்னியரை எடுத்து ஹப்பின் நடு முனையை அளந்தார், 106. ரிம்மின் நடு ஓட்டை 110. சுற்றிலும் இரண்டு மில்லிமீட்டர் வெற்றிடம்! எங்கள் பழைய இரும்பு ரிம் அந்த ஹப்பில் கச்சிதமாக உட்கார்ந்திருந்தது. இந்த ரிம் ஆறு நட்டை மட்டும் நம்பித் தொங்கியிருக்கிறது.

ஆகவே முதலில் நடு ஓட்டையைப் பாருங்கள். கேடிஎச் ஹப்புக்கு 106.1 மில்லிமீட்டர் வேண்டும். பழைய பிராடோ ரிம்மிலும் அதே 106.1 இருக்கும். பழைய நிஸான் பேட்ரோல் (Patrol) ஜீப் ரிம்மில் ஆறு ஓட்டை, 139.7 எல்லாம் ஒன்றுதான், ஆனால் நடு ஓட்டை 110. பிந்திய மொடல் பஜேரோ ரிம் நேர் எதிர்: அதே ஆறு ஓட்டை, அதே 139.7, நடு ஓட்டையோ 67 தான், ஹப் உள்ளேயே போகாது. லேத்தில் கொடுத்துக் குடைந்து போடுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். பிள்ளை ஏற்றும் வண்டியில் நான் செய்ய மாட்டேன். ஓட்டை பெரிதாக இருந்தால் வெற்றிடத்தை அடைக்க ஹப் ரிங் போடலாம், வெளி 110, உள் 106 என்று கிடைக்கும். பிளாஸ்டிக் வேண்டாம், அலுமினிய ரிங்காக வாங்குங்கள். நுவரெலியாவில் இருந்து றம்பொடை வரை இறங்கிவிட்டு ஹப் பக்கம் கை வைத்து அந்தச் சூட்டைப் பார்த்தவருக்கு ஏன் என்று தெரியும்.

இந்த இடத்தில் ஒருவர் கீழே வந்து எழுதுவார், எனக்குத் தெரியும்: "ரிம்மை மையப்படுத்துவது நட்டின் கூம்புதான், நடு ஓட்டை பெரிதாக இருந்தால் ஒன்றும் ஆகாது, நான் பத்து வருடம் ஓட்டுகிறேன்." தப்பு என்று சொல்லவில்லை. நட்டின் கூம்பு ரிம்மின் குழியோடு சரியாகப் பொருந்தி, குழி சுத்தமாக இருந்து, சக்கரம் நிலத்தைத் தொடாமல் தூக்கிய நிலையில் எதிரெதிராக இறுக்கி, கொஞ்சத் தூரம் ஓட்டிவிட்டு மறுபடி இறுக்கினால் நிற்கும். என் ரிம்மில் குழிக்குள் தடிப்பாகப் பெயின்ட். நட் பெயின்ட்டின் மேல் இறுகியது, பெயின்ட் நசுங்கியதும் இறுக்கம் போய்விட்டது. அதற்கு முந்தின வாரம் பஞ்சராகி, மழையில் ரோட்டோரத்தில் ஜாக்கியை இறக்கிவிட்டுத்தான் நட்டை இறுக்கினேன். வண்டிப் பாரம் சக்கரத்தில் விழுந்த பிறகு ரிம் எங்கே மையத்துக்கு வரும்? எல்லாம் ஒழுங்காக அமையும் இடத்தில்தான் எல்லாரும் டயர் மாற்றுகிறார்களா? ஹப்பில் கச்சிதமாக உட்காரும் ரிம் என்றால் அந்த மழையிலும் அது தானாக மையத்தில் நின்றிருக்கும்.

நட்டைப் பற்றி இன்னும் ஒன்று. டொயோட்டாவின் சொந்த அலோய் ரிம் பலவற்றுக்குத் தட்டையான வொஷர் உள்ள நீள நட். இரும்பு ரிம்முக்கும் வெளிக் கம்பனி அலோய் பெரும்பாலானவற்றுக்கும் கூம்பு நட். ஒன்றின் நட்டை மற்றதில் போட்டால் இறுகியது போலவே இருக்கும், உட்கார்ந்திருக்காது. ரிம்மை வாங்கும்போது நட்டையும் கேட்டு வாங்குங்கள். கேடிஎச் ஸ்டட் 12 மில்லிமீட்டர், மரை இடைவெளி 1.5, நிஸான் பலவற்றுக்கு 1.25. தவறான நட் இரண்டு சுற்றுப் போய்ப் பிடித்துக்கொள்ளும். அதை வீல் ஸ்பேனரில் ஏறி மிதித்து இறுக்கினால் ஸ்டட் போச்சு.

அடுத்தது ஒப்செட். ரிம்மின் நடுக்கோட்டில் இருந்து, ஹப்பில் உட்காரும் முகம் எவ்வளவு தள்ளி இருக்கிறது என்பதுதான் அது, எண் குறைந்தால் சக்கரம் வெளியே தள்ளும். ரிம்மின் பின்பக்கம், கம்பிகளின் முதுகில் எண் அடித்திருப்பார்கள். என் இரும்பு ரிம் 6ஜே, அதாவது ஆறு அங்குல அகலம், ஒப்செட் 35. வாங்கிய அலோய் 7ஜே, ஒப்செட் 10. கணக்குப் போட்டால் விளிம்பு 38 மில்லிமீட்டர் வெளியே வந்துவிட்டது, ஒன்றரை அங்குலம்! பக்கத்தில் இருந்து பார்க்க வண்டி அகலமாக அழகாகத்தான் இருந்தது. ஆனால் ஆள் நிறைந்து கொண்டை ஊசி வளைவில் சாயும்போது பின் டயர் மட்கார்ட் விளிம்பில் உரசி, டயரின் தோளில் கத்தி போட்டது போல ஒரு கோடு விழுந்திருந்தது. ஹப் பேரிங் ஒன்றும் சத்தம் போட ஆரம்பித்திருந்தது. வெளியே தள்ளிய சக்கரம் பேரிங்கை நெம்புகோல் மாதிரி நெம்பும். போதாததற்கு என் 195 டயர் 7ஜே ரிம்மில் இழுபட்டு, விளிம்பைக் காக்க ரப்பர் இல்லாமல் நின்றது.

எண் தேய்ந்திருந்தால் அளந்து பார்க்கலாம். ரிம்மைக் கவிழ்த்து, பின் விளிம்பின் குறுக்கே ஒரு நேரான சட்டத்தை வைத்து, சட்டத்தில் இருந்து ஹப்பில் உட்காரும் முகம் வரை எவ்வளவு ஆழம் என்று பாருங்கள். உங்கள் பழைய ரிம்மிலும் அதே மாதிரி அளந்து, இரண்டையும் பக்கத்தில் எழுதுங்கள். பழையது 6ஜே, புதியதும் 6ஜே, ஆழமும் ஓரிரண்டு மில்லிமீட்டருக்குள் என்றால் பயமில்லை. பழைய ரிம்மைக் கடைக்கே எடுத்துப் போவது இன்னும் நல்லது. இடம் பிடிக்கும், பரவாயில்லை.

பாரம் தாங்குமா என்பதையும் பாருங்கள். ஜப்பான் ரிம்மில் ஜேடபிள்யூஎல் என்று மட்டும் இருந்தால் கார் ரிம். பாரவண்டிக்கு உரியதில் அதற்குப் பின்னால் ஒரு டி இருக்கும். கேடிஎச்சுக்கு டி உள்ளதையே தேடுங்கள். டயரிலும் இதே கதை. 195/80 ஆர் 15 வேன் டயரில் 107/105 என்று இருந்தால், ஒற்றை டயர் 975 கிலோ தாங்கும் என்று பொருள். அதே 15 அங்குலத்தில் 94 என்று போட்ட கார் டயர் 670 கிலோதான். விலை குறைவு என்று தலையில் கட்டப் பார்ப்பார்கள்.

எனக்குத் தெரிந்த வரையில் தோட்டப் பாதையில் ஓடுகிறவருக்கு இரும்பு ரிம்தான் நல்லது. நெளிந்தால் தட்டி எடுக்கலாம், அலோய் விரிசல் விடும். அலோய் அழகு என்று உங்கள் வீட்டுப் பிள்ளை சொன்னால், பழைய பிராடோ அல்லது கேடிஎச் சொந்த ரிம்மாகத் தேடி, ஒப்செட்டையும் பாரக் குறியையும் பார்த்துவிட்டு எடுங்கள்.

இதற்குச் சம்பந்தமில்லாதது ஒன்று, ஆனால் இன்னும் ஆறவில்லை. மட்கார்ட், ஸ்டட், பேரிங் எல்லாம் சேர்த்து இன்சூரன்ஸில் கேட்டிருந்தேன். ஆள் வந்து படம் எடுத்துப் போனார். மூன்று வாரத்தில் கடிதம் வந்தது, முழுக்கச் சிங்களத்தில். எனக்குச் சிங்களம் சரளமாகப் பேச வரும், அச்சடித்த கடிதத்தை வாசிக்க வராது. பள்ளிக்கூட ஆசிரியர் ஒருவரிடம் கொண்டு போய் வாசிக்கச் சொன்னேன். வண்டியில் அனுமதியில்லாத மாற்றம் செய்திருப்பதால் பணம் தர முடியாது என்று இருந்தது. 14 நாளுக்குள் மறுப்பு எழுதலாம் என்றும் இருந்தது. நான் வாசிக்கச் சொன்னது பதினாறாம் நாள். பணம் தராததை நான் குறை சொல்லவில்லை, ரிம் தப்பு என்று எனக்கே தெரியும். ஆனால் பாலிசியை விற்க எங்கள் தோட்டத்து லய வீட்டுக்கே வந்தவர் அழகான தமிழில்தான் பேசினார். தமிழும் இந்த நாட்டின் அரச கரும மொழி என்று 1987-இல் 13ஆம் திருத்தத்திலேயே போட்டார்கள். காசு வாங்கத் தமிழ், மறுக்கச் சிங்களம் என்றால் எப்படி? என் அப்பா கைரேகை வைத்த காலத்தில் நடந்ததே எனக்கும் நடந்தது போல இருந்தது. சரி, இதை இங்கே விட்டுவிடுகிறேன்.

இரும்பு ரிம் நாலும் பழைய மாதிரியே தேடிப் போட்டேன், புதிய ஸ்டட், புதிய நட். ரிம் கழற்றி மாட்டினால் 50 கிலோமீட்டர் ஓடியதும் நிறுத்தி நட்டை மறுபடி பார்ப்பேன். காலையில் பிள்ளைகள் ஏறுமுன் நாலு சக்கரத்தையும் சுற்றி வந்து நட் ஒவ்வொன்றையும் கையால் தொட்டுப் பார்க்கிறேன். அந்தப் பிள்ளை இப்போது ஒன்பதாம் வகுப்பு, இன்னும் கடைசி சீட்டில்தான் உட்காருகிறது.

நீங்கள் பார்த்து வைத்திருக்கும் ரிம்மின் முன்பக்கப் படம் வேண்டாம். பின்பக்கத்தைத் துடைத்து, எண் தெரியும்படி படம் எடுத்துப் போடுங்கள். நடு ஓட்டையின் மேல் ஒரு அளவுகோலையும் வைத்து எடுங்கள். காசு கொடுக்குமுன் போட்டால் அன்றே பார்த்துச் சொல்கிறேன்.