பீரோ இடுக்கில் நிற்கும் பையன் – வாசகர் கேள்விகளுக்குப் பதில்

இந்த வாரம் வந்த கடிதங்களில் நான்கு, வீட்டுக்குள் விழும் அடியைப் பற்றியவை. அதனால் நான்கையும் சேர்த்தே எடுத்துக்கொண்டேன், மற்றவர்கள் ஒரு வாரம் பொறுத்துக்கொள்ளுங்கள். எழுதியவர்களின் பெயரையும் ஊரையும் போடவில்லை.

அக்கா, கல்யாணமாகி பதினோரு மாதம், இப்போது ஐந்து மாத கர்ப்பம். வீட்டுக்காரர் என் ஏ.டி.எம். கார்டை வாங்கி வைத்துக்கொண்டார். தினமும் போனைப் பார்க்கிறார். இரண்டு தடவை அறைந்தார், போன வாரம் கழுத்தைப் பிடித்துச் சுவரோடு அழுத்தினார். அம்மாவிடம் சொன்னால், "குழந்தை பிறந்தா எல்லாம் சரியாகிடும், அனுசரிச்சுப் போ" என்கிறார். சரியாகுமா?

தானாகச் சரியாகாது தங்கச்சி. குழந்தை வந்த பிறகு உனக்குத் தூக்கம் குறையும், செலவு கூடும், வீட்டை விட்டு வெளியே போவது இன்னும் கஷ்டமாகும், இதில் எதுவும் அவர் கையைக் கட்டிப்போடாது. கழுத்தைப் பிடித்தார் என்று ஒரு வரி எழுதிவிட்டு நீ அம்மா சொன்னதுக்குப் போய்விட்டாய், நான் அந்த வரியிலேயே நின்றுவிட்டேன். அறைவதும் கழுத்தை நெரிப்பதும் ஒன்றில்லை. ஒரு தடவை கழுத்தை நெரித்தவன் பிற்பாடு கொலை வரைக்கும் போகிற அபாயம் பல மடங்கு அதிகம். வெளியே தடம் எதுவும் தெரியாவிட்டாலும் உள்ளே காயம் இருக்கலாம். அதனால் குரல் கம்மியிருக்கிறதா, விழுங்கும்போது வலிக்கிறதா, தலை சுற்றுகிறதா என்றெல்லாம் யோசித்துக்கொண்டிருக்காமல் நாளைக்கே அரசு மருத்துவமனைக்குப் போ. அங்கே கேட்டால் "பாத்ரூமில் வழுக்கி விழுந்தேன்" என்று சொல்லாதே. நடந்ததை நடந்தபடி சொன்னால் ஏ.ஆர். புத்தகத்தில், அதாவது மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டில், பதிவாகும், பின்னால் அந்த ஏ.ஆர். காப்பிதான் உனக்காகப் பேசும்.

ஏ.டி.எம். கார்டைப் பிடுங்கி வைத்துக்கொள்வதும் வன்முறைதான். 2005-ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் அடி உதையோடு, பாலியல் தொல்லை, கேவலமாகப் பேசுவது, உன் பணத்தை உன்னை அனுபவிக்க விடாமல் செய்வது எல்லாவற்றையும் சேர்த்தே சொல்கிறது. இந்தச் சட்டத்தில் மனு போட்டால் முதலில் கேட்பது, உன்னைத் தொந்தரவு செய்யக் கூடாது என்று கோர்ட் போடும் பாதுகாப்பு ஆணை, அவரை ஜெயிலுக்கு அனுப்புவதில்லை. அந்த ஆணையை அவர் மீறினால்தான் ஒரு வருடம் வரை சிறை. வீடு மாமியார் பெயரில் இருக்கிறது, உனக்கு இங்கே என்ன உரிமை என்று யாராவது கேட்டால் பயந்துவிடாதே. கணவரோடு நீ குடியிருந்த வீடு மாமனார் மாமியார் பெயரில் இருந்தாலும் அங்கே தங்கும் உரிமையை நீ கேட்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 2020-லேயே சொல்லிவிட்டது.

181 என்ற பெண்கள் உதவி எண்ணை எந்த நேரத்திலும் கூப்பிடலாம். ஆனால் அவர் உன் போனைப் பார்க்கிறார் இல்லையா, அதனால் அடுத்த முறை செக்கப்புக்குப் போகும்போது அங்கே இருக்கிற நர்ஸ் போனிலிருந்து பேசு. மாவட்டத்துக்கு ஒரு பாதுகாப்பு அலுவலர் இருக்கிறார், மனு எழுத உதவுவது அவர் வேலை. மகளிர் காவல் நிலையத்தில் புகார் கொடுத்தால் புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாங்காமல் திரும்பாதே. ஆதார், பாஸ்புக், தாய் சேய் நல அட்டை, மாற்றுத்துணி, கொஞ்சம் பணம், எல்லாம் ஒரு பையில் நம்பிக்கையான ஒருத்தர் வீட்டில் இருக்கட்டும். கிளம்பப் போவதை அவரிடம் முன்கூட்டிச் சொல்லாதே, கிளம்பும் நேரம்தான் ரொம்ப ஆபத்தான நேரம். அப்புறம், இந்தப் பக்கத்தை உன் அம்மாவுக்குப் படித்துக் காட்டு.

பக்கத்து பிளாட்டில் ராத்திரி பத்து மணிக்கு மேல் அடிக்கிற சத்தமும் அழுகையும் கேட்கிறது. தலையிட்டால் வம்பாகுமா?

ஆகாது. குடும்ப வன்முறை நடப்பதாக நம்ப காரணம் இருந்தால் யார் வேண்டுமானாலும் பாதுகாப்பு அலுவலரிடம் சொல்லலாம், நல்ல எண்ணத்தில் சொன்னவர் மேல் வழக்கு போட முடியாது என்று சட்டமே சொல்கிறது. சத்தம் கேட்கும்போதே போய் பெல் அடியுங்கள், இன்னொருவரையும் கூட்டிக்கொண்டு. "எங்க வீட்ல தண்ணி வரல, உங்களுக்கு வருதா?" என்று கேட்டால் போதும், அந்த நேரத்துக்கு ஓங்கிய கை கீழே இறங்கும். விபரீதமாகத் தெரிந்தால் அவசர உதவி எண் 112, குழந்தை அடிபட்டால் குழந்தைகள் உதவி எண் 1098. பகலில் அந்தப் பெண் தனியாக இருக்கும்போது, "எந்த நேரமானாலும் எங்க கதவைத் தட்டும்மா" என்று ஒரு வார்த்தை சொல்லி வையுங்கள்.

எனக்கு 67 வயது. வீட்டுக்காரர் போய் எட்டு வருடமாகிறது. இருந்த ஒரே வீட்டை மகனுக்குத் தான செட்டில்மெண்ட் எழுதிக்கொடுத்தேன். இப்போது திண்ணையில் படுக்கை. முதியோர் பணம் 1,200 வந்த அன்றைக்கே வாங்கிக்கொள்கிறான். போன மாதம் பிடித்துத் தள்ளியதில் மணிக்கட்டு வீங்கிவிட்டது. பெற்ற பிள்ளை மேல் எப்படி அம்மா புகார் கொடுப்பது? அவங்க அப்பா என்னை அடிக்கும்போது சின்னப் பையனாக ஓடிப்போய் கிணற்றடியில் உட்கார்ந்துகொள்வான், எனக்காக அழுவான். அவனா இப்படி என்று தாங்கவில்லை.

அம்மா, நீங்கள் கேட்பது புகார் இல்லை, சாப்பாடும் படுக்க இடமும். அதற்கு 2007-ஆம் ஆண்டு பெற்றோர் பராமரிப்புச் சட்டம் இருக்கிறது. கோட்டாட்சியர் அலுவலகத்தில், அதாவது ஆர்.டி.ஓ. ஆபீஸில், வெள்ளைத் தாளில் மனு எழுதிக்கொடுங்கள். வக்கீல் தேவையில்லை. மாதம் 10,000 ரூபாய் வரை பராமரிப்புத் தொகை கொடுக்கச் சொல்லி உத்தரவு போட அவர்களுக்கு அதிகாரம் உண்டு. 14567 என்ற முதியோர் உதவி எண்ணில் பேசினால் மனு எப்படிக் கொடுப்பது என்று விளக்குவார்கள்.

வீட்டு விஷயம் கொஞ்சம் சிக்கல். அந்தச் சட்டத்தின் 23-ஆவது பிரிவுப்படி, கவனித்துக்கொள்ள வேண்டும் என்ற நிபந்தனையோடு எழுதிக்கொடுத்த சொத்தை, கவனிக்காவிட்டால் ரத்து செய்யலாம். நிபந்தனை இருந்தாக வேண்டும் என்று 2022-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2025 ஜனவரியில் அதே நீதிமன்றம், இந்தச் சட்டத்தை முதியவர்களுக்கு நன்மை தரும்படி தாராளமாகப் பொருள் கொள்ள வேண்டும் என்று சொல்லியிருக்கிறது. அதனால் பத்திரத்தின் நகலை எடுத்துப் போய் மாவட்ட இலவச சட்ட உதவி மையத்தில் காட்டுங்கள். "என் ஆயுள்வரை பராமரித்து" என்கிற மாதிரி ஒரு வரி இருந்தால்கூட பெரிய பலம். இன்னும் எழுதிக்கொடுக்காமல் இருக்கிற பெற்றோருக்கும் இதைச் சொல்லிவிடுகிறேன்: அந்த வரி இல்லாத பத்திரத்தில் கையெழுத்து போடாதீர்கள், பிள்ளை தங்கமாகவே இருந்தாலும்.

முதலில் மணிக்கட்டை டாக்டரிடம் காட்டுங்கள்.

கிணற்றடியில் உட்கார்ந்திருந்த பையன் ஏன் இப்படி ஆனான் என்று கேட்கிறீர்கள். அடி பார்த்து வளர்ந்த பிள்ளைகள் எல்லோரும் அடிப்பவர்களாக ஆவதில்லை, முக்கால்வாசிப் பேர் ஆவதில்லை என்றே நான் நம்புகிறேன். ஆனால் சிலருக்கு அந்த வயதில் பதிவது ஒன்றே ஒன்று, வீட்டில் பலமானவன் அடிப்பான், மற்றவர் வாங்கிக்கொள்வார். உங்கள் கடிதம் வந்த அதே வாரத்தில்தான் அடுத்த கடிதமும் வந்தது.

வயது 36, தனியார் கம்பெனியில் சூப்பர்வைசர். மனைவியை அடித்துவிடுகிறேன். குடித்தால்தான் கோபம் வருகிறது, மற்றபடி நான் கெட்டவன் இல்லை. போன ஞாயிற்றுக்கிழமை அடித்து முடித்துத் திரும்பினால், ஆறு வயதுப் பையன் பீரோவுக்கும் சுவருக்கும் நடுவில் காதைப் பொத்திக்கொண்டு நிற்கிறான். அவள் இப்போது பையனோடு அம்மா வீட்டில். கூட்டி வர என்ன செய்வது?

தம்பி, எழுதியதற்கு நன்றி, உண்மையாகவே. இப்படி எழுதும் ஆண்கள் ரொம்பக் குறைவு. 2019-21 தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பில், தமிழ்நாட்டில் கல்யாணமான பெண்களில் நூற்றுக்கு 38 பேர் கணவரிடம் வன்முறையை அனுபவித்ததாகச் சொல்லியிருக்கிறார்கள், அவ்வளவு வீடுகளில் அடித்த கை இருக்கிறது.

குடித்தால்தான் கோபம் வருகிறது என்கிறீர்கள். குடித்துவிட்டு உங்கள் மேனேஜரை அடித்தது உண்டா? பஸ் கண்டக்டரை? டாஸ்மாக்கில் உங்களைவிடப் பெரிய ஆள் இடித்துக்கொண்டு போனால் என்ன செய்வீர்கள்? அங்கெல்லாம் அடங்குகிற கை வீட்டுக்கு வந்து கதவைச் சாத்தின பிறகுதான் ஓங்குகிறது. குடி இதை மோசமாக்கும், அதை நிறுத்தத்தான் வேண்டும். அரசு மருத்துவமனை மனநலப் பிரிவில் சிகிச்சை இருக்கிறது, பல வருடமாகக் குடிப்பவர் திடீரென்று நிறுத்தினால் வலிப்புகூட வரலாம், டாக்டரைக் கேட்டே நிறுத்துங்கள். ஆனால் குடியை விட்டுவிட்டு, குடிக்காமலேயே அடிக்கிற ஆட்களும் இருக்கிறார்கள். இவள் என் சொல் கேட்டாக வேண்டும் என்று மனசுக்குள் ஒன்று உட்கார்ந்திருக்கிறதே, அதற்கும் வைத்தியம் வேண்டும். அதே மனநலப் பிரிவில் டாக்டரிடம், "மனைவியை அடிக்கிறேன், நிறுத்த வேண்டும்" என்று இந்த வார்த்தைகளிலேயே சொல்லுங்கள். "வீட்ல சின்னச் சண்டை" என்று சொன்னால் அவர் தூக்க மாத்திரை எழுதிக்கொடுத்து அனுப்பிவிடுவார்.

கூட்டி வர என்ன செய்வது என்று கேட்டதற்கு என் பதில், இப்போதைக்குக் கூட்டி வராதீர்கள். மாமாவையும் பெரியப்பாவையும் தூது அனுப்பாதீர்கள், வாசலில் போய் அழுது நிற்காதீர்கள். உங்கள் மனைவி எப்போது வருவார், வருவாரா என்பதை அவரே முடிவு செய்யட்டும், ஆறு மாதமானாலும், ஒரேயடியாக மாட்டேன் என்றாலும். செலவுக்குப் பணத்தை மட்டும் மாதம் தவறாமல் அனுப்புங்கள், அதை வைத்துப் பேரம் பேசாமல்.

பையனைப் பார்க்க உங்கள் மனைவி சம்மதித்தால், ரிமோட் கார் வாங்கிக்கொண்டு போகாதீர்கள். அவன் உயரத்துக்குக் கீழே உட்கார்ந்து, "அம்மாவை அடிச்சேன், அது என் தப்பு, அம்மா தப்பு இல்ல, உன் தப்பும் இல்ல" என்று சொல்லுங்கள். ஆறு வயதுப் பிள்ளை, தான் பென்சிலைத் தொலைத்ததால்தான் இந்தச் சண்டை வந்தது என்றுகூட நினைத்துக்கொண்டிருப்பான். அவன் பதில் எதுவும் சொல்லாமல் ஓடிப்போய் அம்மாவின் பின்னால் நின்றால், நிற்கட்டும். கூப்பிடாதீர்கள்.