பரிசீலிக்கச் சொன்ன உத்தரவும் அவமதிப்பு மனுவும்

உதவிப் பேராசிரியர் நியமனம் கோரிய உங்கள் மனுவை எட்டு வாரங்களுக்குள் பரிசீலிக்குமாறு உயர் நீதிமன்றம் உத்தரவிட்டு, பல்கலைக்கழகம் அதைப் பரிசீலித்து நிராகரித்திருப்பதால், நீதிமன்ற உத்தரவை மீறியதாக அதன்மீது நீங்கள் தொடுக்க நினைக்கும் அவமதிப்பு மனு பெரும்பாலும் நிற்காது. அந்த நிராகரிப்பு ஆணையை எதிர்த்துப் புதிய ரிட் மனு தாக்கல் செய்வதே வழி.

உத்தரவுக்கு இணங்க ஓர் ஆணை பிறந்துவிட்டால், அது தவறானதாகவே இருந்தாலும், வேண்டுமென்றே செய்த கீழ்ப்படியாமை ஆகாது என்று 1996இல் ஜே.எஸ். பரிகார் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. பல ஆண்டுகள் காத்திருந்தவருக்கு இது கொடுமையான பதில் என்பதை அறிவேன்.

எனினும், உங்கள் வழக்கில் உயர் நீதிமன்றம் அளித்த தீர்ப்பின் இறுதிப் பத்தியை மீண்டும் படியுங்கள். ‘பரிசீலிக்க வேண்டும்’ என்பதற்கு மாறாக ‘நியமிக்க வேண்டும்’ என்றிருந்தாலோ, நீதிமன்றம் ஏற்கெனவே தள்ளிய காரணத்தையே பல்கலைக்கழகம் திரும்பவும் சொல்லியிருந்தாலோ, அவமதிப்பு மனுவுக்கு வலு உண்டு. நிராகரிப்பு ஆணையின் காரணங்களைத் தீர்ப்போடு வரிக்கு வரி ஒப்பிட்டுப் பாருங்கள்.

அவ்வாறு இருந்தால் தாமதிக்க வேண்டாம். 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவு, அவமதிப்பு நிகழ்ந்த நாளிலிருந்து ஓராண்டு மட்டுமே தருகிறது. பல்கலைக்கழகப் பதிவாளருக்கு நினைவூட்டல் கடிதங்கள் அனுப்பிக்கொண்டிருப்பது அந்தக் காலத்தை நீட்டிக்காது.